கையடக்க கேம் கருவிகள்: எந்தக் காப்பி உங்களுடையது, எது திருட்டு?

வடசென்னைப் பக்கம் இருந்து வந்த கேள்விகளும் அவற்றுக்கான பதில்களும் இவை. சட்டம் பற்றிச் சொல்லியிருப்பதெல்லாம் இந்தியாவின் 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தை வைத்துத்தான்.

தண்டையார்பேட்டை, ஒரு அம்மா: பையனுக்கு நாலாயிரம் ரூபாய்க்குக் கையில் வைத்து ஆடுற கேம் செட் வாங்கினேன். உள்ளே பத்தாயிரம் கேம் இருக்காம். இதனால் ஏதாவது பிரச்சனை வருமா தம்பி?

கருவியால் பிரச்சனை இல்லைம்மா. பழைய கருவியின் கேமைப் புதுக் கருவியில் ஓடவைக்கும் எமுலேட்டர் மென்பொருளும் குற்றமில்லை. சிக்கல் இருப்பது மெமரி கார்டில். அதிலுள்ள கேம்களில் அநேகமாக எல்லாமே உரிமையாளரைக் கேட்காமல் எடுத்த நகல்கள். திருட்டு நகல் என்று தெரிந்தே பயன்படுத்தினால் பிரிவு 63பி-யின்படி 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். லாபத்துக்கோ வியாபாரத்துக்கோ இல்லை என்றால், நீதிமன்றம் சிறையைத் தவிர்த்து 50,000 ரூபாய்க்குள் அபராதத்தோடு விடலாம் என்றும் அதே பிரிவு சொல்கிறது. கார்டை நிரப்பி விற்றவர் நிலை வேறு. அவருக்குப் பிரிவு 63: குறைந்தது 6 மாதம், அதிகபட்சம் 3 ஆண்டு. இது ஜாமீனில் வெளிவர முடியாத பிரிவு என்று 2022 மே மாதம் உச்ச நீதிமன்றம் நிட் ப்ரோ வழக்கில் தீர்ப்பளித்தது.

கார்டைக் கழற்றித் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். பல மாடல்களில் இயங்குதளமும் அதே கார்டில்தான் இருக்கும். கழற்றினால் திரை கறுப்பாகவே நிற்கும். பெயருள்ள கம்பெனியின் 32 ஜிபி கார்டு ஒன்று வாங்கி, அந்த மாடலுக்கு இலவசமாகக் கிடைக்கும் ஃபர்ம்வேரை (கருவியை இயக்கும் மென்பொருள்) அதில் எழுதிப் போடுங்கள். கூடவே வரும் பெயரில்லாத கார்டுகள் சீக்கிரம் சாகும். பையன் ஆடிச் சேர்த்த சேவ் (ஆட்டம் எதுவரை வந்தது என்ற பதிவு) எல்லாம் அதோடு போகும். ஆடுவதற்கு 'டோபு டோபு கேர்ள்' போல ஆக்கியவரே இலவசமாக விட்ட கேம்கள் உண்டு. 'டூம்' கேமின் ஷேர்வேர் பகுதியும் (இலவசமாகப் பகிர விட்ட முதல் பாகம்) அப்படித்தான்.

வியாசர்பாடி, கல்லூரி மாணவர்: அண்ணா, ஒரிஜினல் கேசட் வாங்கியிருந்தேன், தொலைஞ்சுபோச்சு. அதே கேமை நெட்ல எடுக்கலாமா? 24 மணி நேரத்துல அழிச்சிட்டா தப்பில்லைன்னு சொல்றாங்களே?

அந்த 24 மணி நேரக் கணக்கு எந்தச் சட்டத்திலும் இல்லை தம்பி. திருட்டு நகல்களைப் போடும் தளங்கள் தங்களைக் காத்துக்கொள்ள எழுதிவைத்த வரி அது.

சட்டம் உனக்குத் தரும் இடம் பிரிவு 52(1)-இல் இருக்கிறது. உட்பிரிவு (ஏஏ)-யின்படி, முறைப்படி கையில் வைத்திருப்பவர், தொலைந்துபோவது, சேதமாவது ஆகியவற்றுக்குப் பாதுகாப்பாக, *அந்தக் காப்பியிலிருந்து* பேக்கப் எடுக்கலாம். (ஏடி)-யின்படி, சட்டப்படி தான் பெற்ற காப்பியிலிருந்து, வியாபாரம் இல்லாத சொந்த உபயோகத்துக்கு நகல் எடுக்கலாம். இரண்டிலும் நகல் பிறக்க வேண்டியது உன் கேசட்டிலிருந்துதான். இன்னொருவர் கேசட்டிலிருந்து எடுத்து நெட்டில் போட்டது இதில் அடங்காது. 'சொந்த உபயோகம்தானே' என்று நியாயமான பயன்பாட்டுப் பிரிவான 52(1)(ஏ)-யைக் காட்டவும் முடியாது. கணினி நிரலுக்குப் பொருந்தாது என்று அந்தப் பிரிவே விலக்கி எழுதியிருக்கிறது. தொலைவதற்கு முன்பே பேக்கப் எடுக்க வேண்டும்.

ராயபுரம்: அப்போ என் நிண்டெண்டோ கேம்பாய், கேம்பாய் அட்வான்ஸ் கருவிகளின் கேசட்டுகளை எப்படி நகல் எடுக்கிறது?

யுஎஸ்பியில் மாட்டும் கேசட் ரீடர் வேண்டும். ஜிபிஎக்ஸ்கார்ட் என்ற ரீடரும் ஃப்ளாஷ்ஜிபிஎக்ஸ் என்ற இலவச மென்பொருளும் போதும்.

முதலில் கேசட்டின் தங்கப் பற்களைத் துடையுங்கள். கடல் காற்று படும் காசிமேடு, ராயபுரம் வீடுகளில் பழைய கேசட்டில் பச்சைப் பூப்பு பிடித்திருக்கும். 99 சதவீத ஐசோப்ரோபைல் ஆல்கஹாலைக் காது குடையும் பஞ்சுக் குச்சியில் தொட்டுத் துடைத்து, நன்றாகக் காயவிடுங்கள். சானிடைசர் வேண்டாம், அதில் பிசுக்கு உண்டு. உப்புத்தாள் தங்கப் பூச்சையே எடுத்துவிடும்.

அடுத்தது வோல்ட்டேஜ். இதில்தான் கேசட் சாகும். கேம்பாய்க்கு 5 வோல்ட், அட்வான்ஸுக்கு 3.3 வோல்ட். கேசட்டைச் செருகுவதற்கு முன்பே ரீடரில் சரியாக வையுங்கள். அட்வான்ஸ் கேசட்டுக்கு 5 வோல்ட் கொடுத்தால் சிப் கெட்டுப்போகலாம்.

கேமை நகலெடுப்பதற்கு முன் சேவ் கோப்பை நகலெடுங்கள். 'போக்கிமான் கோல்டு', 'சில்வர்' கேசட்டுகளில் சேவும் கடிகாரமும் ஒரு சிஆர்2025 பேட்டரியை நம்பி இருக்கின்றன. பேட்டரி தீர்ந்தால் சேவ் போச்சு. அட்வான்ஸின் 'ரூபி', 'சஃபயர்', 'எமரால்டு' அப்படியல்ல. அவற்றின் சிஆர்1616 கடிகாரத்துக்கு மட்டும்தான். 'பேட்டரி தீர்ந்தது' என்று திரையில் வந்தாலும் சேவ் இருக்கும். மாற்றும்போது பற்றவைக்கும் காது உள்ள பேட்டரியாகப் பார்த்து வாங்குங்கள். வெறும் பட்டன் செல்லின் மேல் சால்டரிங் வைத்தால் சூட்டில் வெடிக்கலாம்.

பிறகு கேமை இரண்டு முறை படித்து, இரு கோப்புகளின் எஸ்ஹெச்ஏ-1 எண்ணையும் (கோப்பில் உள்ளதை வைத்துக் கணக்கிடும் அடையாள எண்) ஒப்பிடுங்கள். வேறுபட்டால் பற்களில் இன்னும் அழுக்கு இருக்கிறது என்று அர்த்தம். கோப்பு முழுவதும் எஃப்எஃப் என்றே வந்தால் கேசட் சரியாக உட்காரவில்லை. அட்வான்ஸ் கேம் அதிகபட்சம் 32 எம்பிதான், இடம் ஒரு பொருட்டில்லை. எமுலேட்டரில் ஏற்றும்போது கேம் கோப்பும் சேவ் கோப்பும் ஒரே பெயரில் இருக்கட்டும். கருவியைத் தொடங்கவைக்கும் உள்நிரலான பயாஸ் கோப்பையும் நெட்டில் தேட வேண்டாம். எம்ஜிபிஏ எமுலேட்டர் தனக்கென எழுதிய மாற்றையே வைத்திருக்கிறது.

பெரம்பூர்: சோனியின் கையடக்கக் கருவியான பிஎஸ்பி வட்டுக்கு?

6.60 அல்லது 6.61 ஃபர்ம்வேரில் கஸ்டம் ஃபர்ம்வேர் (கம்பெனி அல்லாதவர்கள் மாற்றி எழுதியது) போட்டிருக்க வேண்டும். வட்டைப் போட்டு, செலக்ட் பட்டனை அழுத்தி, வரும் மெனுவில் யுஎஸ்பி டிவைஸ் என்பதை யுஎம்டி (பிஎஸ்பி வட்டின் பெயர்) என்று மாற்றி, கம்ப்யூட்டரில் இணையுங்கள். முழு வட்டின் நகலான ஐஎஸ்ஓ கோப்பு தெரியும், காப்பி செய்யலாம். பெரிய வட்டு 1.8 ஜிபி வரை வரும். பாதியில் நின்றால் வட்டின் கண்ணாடி மூடி பெயர்ந்திருக்கிறதா, லென்ஸில் தூசி இருக்கிறதா என்று பாருங்கள். பேட்டரி உப்பியிருந்தால் இந்த வேலையே வேண்டாம், முதலில் அதை மாற்றுங்கள்.

பழைய வண்ணாரப்பேட்டை, செல்போன் சர்வீஸ் கடை: கஸ்டமர் வந்து 'பூட்டை உடைச்சு கேம் ஏத்திக் குடு'ன்றாங்க சார். இன்னா பண்றது?

கேம் ஏற்றாதீர்கள். கார்டுக்கு 200 ரூபாய் வாங்கினாலும் அது வியாபாரம், பிரிவு 63 நேராக உங்கள் மேல் வரும். சப்-இன்ஸ்பெக்டர் வாரன்ட் இல்லாமலே நகல்களைக் கைப்பற்றலாம் என்கிறது பிரிவு 64.

நகலெடுப்பதைத் தடுக்கக் கம்பெனி வைத்த மென்பொருள் பூட்டை உடைப்பதற்கு 2012 திருத்தத்தில் வந்த பிரிவு 65ஏ இருக்கிறது. உரிமையை மீறும் நோக்கத்தோடு உடைத்தால் 2 ஆண்டு வரை சிறை, அபராதமும் உண்டு. சட்டம் தடுக்காத காரணத்துக்கு உடைக்கலாம். ஆனால் அடுத்தவருக்கு அதைச் செய்துகொடுப்பவர், கேட்டவருடைய பெயர், முகவரி, அடையாள விவரம், எதற்காகச் செய்தார் என்பதையெல்லாம் எழுதி வைத்திருக்க வேண்டும். ஒரு நோட்டுப் போட்டுக் கையெழுத்து வாங்குங்கள். சொந்த வட்டு இல்லாமல் வெறுங்கையோடு வருகிறவரை அனுப்பிவிடுங்கள்.

கொருக்குப்பேட்டை: கம்பெனியே விற்காத பழைய கேமை எடுத்தால் யாருக்கு அண்ணே நஷ்டம்?

நியாயமான கேள்வி. நிண்டெண்டோ 3டிஎஸ்-இன் ஆன்லைன் கடையில் 2023 மார்ச் 27-க்குப் பிறகு எதையும் வாங்க முடியாது. அங்கே மட்டுமே விற்ற கேம்களுக்கு இன்று காசு கொடுக்க நினைத்தாலும் வழியில்லை. பழைய கேம்கள் அழியாமல் நிற்பதே கேசட்டிலிருந்து பொறுமையாக நகல் எடுத்து வைத்தவர்களால்தான். அதை நான் மனதார மதிக்கிறேன்.

ஆனால் சட்டத்தில் 'கைவிடப்பட்ட கேம்' என்ற வகை கிடையாது. இந்தியாவில் ஆக்கியவரின் வாழ்நாளும் அதற்குப் பின் 60 ஆண்டும் உரிமை நிற்கும். கேம்பாய் வந்ததே 1989-இல்தான். அமெரிக்காவில் கேம் நகல்களைப் போட்ட லவ்ராம்ஸ் தளத்தின் மேல் 2018-இல் 1.2 கோடி டாலர் தீர்ப்பானது பழைய கேம்களுக்கும் சேர்த்துத்தான்.

என் மனசாட்சிப்படி, எங்கேயும் விற்காத கேமும் இன்று விற்பனையில் இருக்கும் கேமும் ஒன்றில்லை. எடுப்பதற்கு முன் புதுக் கருவிகளில் மறுபடி வெளியிட்டிருக்கிறார்களா என்று தேடுங்கள். பல கேம்கள் அப்படி வந்துவிட்டன. ஒருவரோ இருவரோ உட்கார்ந்து உருவாக்கி முந்நூறு, நானூறு ரூபாய்க்கு விற்கும் கேமைத் திருடுவதற்கு எந்தச் சமாதானமும் கிடையாது. விலை கட்டுப்படியாகவில்லை என்றால் தள்ளுபடி வரும்வரை பொறுக்கலாம், செகண்ட் ஹேண்ட் ஒரிஜினல் வாங்கலாம்.

திருவொற்றியூர்: செகண்ட் ஹேண்ட் நிண்டெண்டோ ஸ்விட்ச் வாங்கப் போறேன். என்ன பார்க்கணும்?

காசு கொடுப்பதற்கு முன் உங்கள் போன் ஹாட்ஸ்பாட்டில் இணைத்து, அதன் ஆன்லைன் கடையான ஈஷாப்பைத் திறந்து பாருங்கள். 2124-4007 என்று பிழை வந்தால், அந்தக் கருவியை நிண்டெண்டோ தடை செய்திருக்கிறது, ஆன்லைன் கிடையாது. கேசட்டிலும் கவனம் வேண்டும். ஒவ்வொரு ஸ்விட்ச் கேசட்டுக்கும் தனிச் சான்று எண் உண்டு. விற்றவர் நகலை வைத்துக்கொண்டு ஆன்லைனில் ஆடினால், ஒரே எண் இரண்டு இடத்தில் தெரியும். தடை உங்கள் கருவிக்கும் வரலாம். நகல் எடுத்தவர் கேசட்டை விற்கும்போது நகலை அழிக்க வேண்டும் என்று சொல்வது இதற்காகவும்தான்.

எண்ணூர்: அட்வான்ஸ் கேசட் போலியா என்று திறக்காமல் தெரியுமா?

பற்கள் இருக்கும் வாயில் உற்றுப் பாருங்கள். ஒரிஜினலில் பற்களுக்கு மேலே போர்டில் 'நிண்டெண்டோ' என்று அச்சாகியிருக்கும். லேபிளைச் சாய்த்து வெளிச்சத்தில் பிடித்தால், அழுத்திப் பதித்த இரண்டு இலக்க எண் தெரியும். இரண்டும் இல்லை என்றால் வாங்காதீர்கள்.