குன்னூர்க் கொலைக் கதையில் சிரிப்பு எங்கே இருக்கிறது?

சமவெளியிலிருந்து காரில் குன்னூர் வரும் கூலிக் கொலைகாரனைப் பற்றிய உங்கள் கதையில் அவல நகைச்சுவை ஒட்டாமல் தனித்து நிற்பதாக எழுதியிருந்தீர்கள். முதலில் மூடுபனியைக் குறையுங்கள், அது சலித்துவிட்டது. 2024 மே 7 முதல் நீலகிரிக்கு வரும் வெளியூர் வண்டிகளுக்கு இ-பாஸ் (இணையத்தில் பெறும் அனுமதிச் சீட்டு) தேவை என்பதால், அவன் தன் வண்டி எண்ணைத் தானே பதிவு செய்துவிட்டுத்தான் மலையேற வேண்டும். கல்லாறு சோதனைச் சாவடியில் கத்தி தப்பிவிட, மலையில் தடைசெய்யப்பட்ட பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டில் பறிபோகட்டும். தப்பிக்கும்போது காரை விட்டு மலை ரயிலில் ஏற்றுங்கள்: உதகையிலிருந்து மேட்டுப்பாளையம் வரையிலான 46 கிலோமீட்டரை மூன்று மணி நேரத்துக்கும் மேலாக ஊர்ந்து கடக்கும் அந்தப் பெட்டியில், குன்னூரில் ஏறியவனிடம் எதிர் இருக்கைப் பெரியவர் வர்க்கியை (மொறுமொறுப்பான ஊட்டித் தின்பண்டம்) நீட்டி, "யார் வீட்டுக்கு வந்துட்டுப் போறீங்க?" என்று கேட்பார்.