மிச்சினோக்கு கடற்கரைப் பாதை: அம்மாவுடன் போக வழிகாட்டி தேவையா?

அம்மாவுக்கு 62 வயது, முழங்கால் வலி, சுத்த சைவம். ஜப்பானின் வடகிழக்குக் கடலோரமாகப் போகும் மிச்சினோக்கு நடைபாதையில் வழிகாட்டி வைத்துக்கொள்ளலாமா என்று கேட்டிருந்தீர்கள். கட்டாயம் வையுங்கள். வழி தெரியாது என்பதற்காக இல்லை, சாப்பாட்டுக்காக.

அங்கே மிசோ (சோயா விழுது) சூப்பிலிருந்து வேகவைத்த காய்கறி வரை பெரும்பாலும் எல்லாவற்றிலும் மீன் கலந்த 'தாஷி' சாறு இருக்கும். "மீன் வேண்டாம்" என்றால் பல இடங்களில் மீன் துண்டை எடுத்துவிட்டு அதே சாற்றைத்தான் தருவார்கள். "'கொம்பு' என்ற கடற்பாசியில் எடுத்த தாஷி மட்டும்" என்று வழிகாட்டி முன்கூட்டியே விடுதிக்குப் போன் செய்து சொல்லிவிட்டால் பிரச்சினை தீர்ந்தது.

பாதை வடக்கே ஹச்சினொஹே நகரிலிருந்து தெற்கே சோமா நகர் வரை மொத்தம் 1,000 கிலோமீட்டருக்கு மேல். நீங்கள் வடக்குப் பகுதியை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். ஹச்சினொஹேயில் கபுஷிமா கோயிலைச் சுற்றி ஆயிரக்கணக்கில் கடற்காகங்கள் கூடு கட்டும். பூனை மாதிரி கத்துவதால் அவற்றுக்கு ஜப்பானிய மொழியில் 'கடல் பூனை' என்றே பெயர். ஜூனில் போனால் படிக்கட்டு ஓரத்திலேயே குஞ்சுகள் நிற்கும். எச்சத்துக்குப் பயந்து குடை பிடித்துக்கொண்டுதான் ஏற வேண்டும்! அங்கிருந்து தனேசாஷி கடற்கரைக்குப் போனால் புல்வெளி நேராகக் கடலில் போய் முடியும். அம்மா நிச்சயம் அங்கே உட்கார்ந்துவிடுவார்கள், அவசரப்படுத்தாதீர்கள். களைத்துப்போனால் பக்கத்திலேயே ரயில் நிலையம் இருக்கிறது.

இன்னும் தெற்கே இருக்கும் கிட்டயாமசாக்கியில் 200 மீட்டர் உயரப் பாறைகளை மேலிருந்தே பார்த்துவிடுங்கள். கீழே இறங்கும் படிகள் அந்த முழங்காலுக்கு வேண்டவே வேண்டாம். அப்புறம், எந்த மாதம் போகிறீர்கள் என்று சொல்லுங்கள்.