ரேஷனும் பஞ்சமும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

இரண்டாம் உலகப்போர்க் காலச் சமையல் குறிப்புகளைத் தொகுத்துவருகிறேன். பிரிட்டனின் உல்டன் பை (மேலே மாவு மூடிச் சுடும் காய்கறிப் பண்டம்) முதல், ஜெர்மன் படை முற்றுகையிட்ட ரஷ்ய நகரமான லெனின்கிராடின் பசை ஜெல்லி வரை சேர்த்தாயிற்று. முட்டைத் தூளில் ஆம்லெட் போட்டால் தோல் மாதிரி வருகிறது. ஏன்? நல்ல சமையலை நமக்குக் கற்றுத்தந்ததே தட்டுப்பாடுதானே?

– ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

தூளைக் குவித்து அள்ளியிருப்பீர்கள். தலைதட்டிய ஒரு மேசைக்கரண்டித் தூளும் இரண்டு மேசைக்கரண்டித் தண்ணீரும் சேர்ந்தால் ஒரு முட்டை. கொஞ்சம் தண்ணீரில் கட்டியில்லாமல் குழைத்து, மீதியை விட்டுச் சற்று ஊறவிடுங்கள். தூள் கூடினால் புரதம் இறுகிவிடும். அவ்வளவுதான்.

உங்கள் கடைசி வரிக்காகத்தான் பதில் எழுதுகிறேன். சில நாட்களாக மனதில் ஓடிக்கொண்டிருந்த விஷயம். ஆசையோடு தொகுக்கிறீர்கள், சந்தோஷம். ஆனால் ரேஷனையும் பஞ்சத்தையும் ஒரே பானையில் போட்டுக் கிண்டிவிட்டீர்களே!

பிரிட்டனில் 1940 ஜனவரி 8 அன்று பேக்கன், வெண்ணெய், சர்க்கரைக்கு ரேஷன் வந்தது. ஜூலையில் தேயிலைக்கும் வந்தது, ஆளுக்கு வாரம் 2 அவுன்ஸ். ஆனால் போர் முடியும்வரை ரொட்டிக்கும் உருளைக்கிழங்குக்கும் ரேஷன் கிடையாது. இதை யாரும் கவனிப்பதில்லை. (ரொட்டிக்கு ரேஷன் வந்தது போர் முடிந்தபின், 1946-இல்!) 1942-இல் வந்த ரொட்டி, கோதுமையில் 85 சதவீதத்தை மாவாக்கிச் சுட்டது; சாம்பல் நிறம். திட்டிக்கொண்டே தின்றார்கள். தின்ன இருந்தது.

உல்டன் பை அப்படி வந்ததுதான். உருளை, கேரட், காலிஃபிளவர், ஸ்வீட் (swede) எனும் டர்னிப் வகைக் கிழங்கு, தலா ஒரு பவுண்டு. மூழ்குமளவு தண்ணீரில் பத்து நிமிடம் வேகவேண்டும். ஒரு மேசைக்கரண்டி ஓட்ஸ் போடுவது சாறு கெட்டிப்பட, அடிப்பிடிக்கும், கிளறவேண்டும். ஆறியபிறகே மேல்மாவை மூடவேண்டும். சூட்டோடு மூடினால் மாவிலுள்ள கொழுப்பு உருகி அடிப்பக்கம் சொதசொதவென்று ஆகிவிடும். வயிற்றை உருளை பார்த்துக்கொண்டதால் கைக்குக் கற்பனை செய்ய நேரமிருந்தது.

லெனின்கிராடிலும் ரேஷன் அட்டை இருந்தது. அட்டைக்குக் கொடுக்கத் தானியம்தான் இல்லை. 1941 நவம்பர் 20 முதல் டிசம்பர் 25 வரை தொழிலாளிக்கு நாளைக்கு 250 கிராம் ரொட்டி, மற்றவர்களுக்கு 125. அதிலும் பருத்திக்கொட்டைப் புண்ணாக்கும் செல்லுலோஸும் கலப்பு, ஈரத்தால் கனம். இதில் என்னய்யா சமைப்பது? தச்சர் பசை விலங்குத் தோலிலும் எலும்பிலும் காய்ச்சியது. அதனால் கொதிக்கவைத்தால் ஜெல்லியாக உறைந்தது. அதைத் தின்றவர்கள் சமையல் கற்றுக்கொள்ளவில்லை, செத்துக்கொண்டிருந்தார்கள்.

1943 வங்காளப் பஞ்சத்தில் கிராம மக்கள் கல்கத்தா வீட்டு வாசல்களில் வடிகஞ்சி கேட்டு நின்றார்கள். சோறு கேட்கக்கூட அவர்களுக்கு நா எழவில்லை. நகரத்துக்கு முழு ரேஷன் வந்தது 1944 ஜனவரி கடைசியில். அந்தக் கஞ்சிக்கும் ஒரு செய்முறை எழுதுவீர்களா?

உல்டன் பை இருக்கட்டும். பசை ஜெல்லியை எடுத்துவிடுங்கள்.