ஓய்வு பெற்ற போலீஸ்காரர் துப்பறியும் கதை எழுதினால் எடுபடுமா?

எடுபடும். நீங்கள் கேட்டிருக்கும் விதத்தைப் பார்த்தால், உங்கள் அப்பாவோ மாமனாரோ ரிட்டயர் ஆகி நோட்டும் பேனாவுமாக உட்கார்ந்துவிட்டார் போல. தடுக்காதீர்கள். நானும் காரைக்குடிப் பக்கம் குற்றப்பிரிவில் வெகுகாலம் இருந்துவிட்டு இப்போது கதை எழுதுகிறவன்தான்.

ஆனால் துரத்தல், துப்பாக்கி எல்லாம் எங்களிடம் கிடையாது. இருப்பது சம்பவ இடத்தைப் பார்த்து எழுதும் பார்வை மகஜர், அந்த இடத்தின் மாதிரி வரைபடம், கைப்பற்றிய பொருளைக் கோர்ட்டுக்கு அனுப்பும் படிவம் 95. இதில் என்ன கதை என்பீர்கள்.

செட்டிநாட்டில் ஒரு ஊர், பெயர் வேண்டாம். முகப்பு ஒரு தெருவில், பின்கட்டு அடுத்த தெருவில் என்று நீளும் வீடு. பங்காளிகள் சென்னை, கோலாலம்பூர் என்று போய்விட்டார்கள். முன்னோருக்குப் படைக்கும் படைப்புக்குத்தான் கூடித் திறப்பார்கள். அப்படித் திறந்தபோது ஓர் அறையில் வெண்கலச் சாமான்களைக் காணோம். பூட்டு பூட்டினபடியே இருக்கிறது. எப்போது போனது? யாருக்கும் தெரியாது. என்னென்ன போனது என்பதற்கு மட்டும் ஆதாரம் இருந்தது: அந்த வீட்டு ஆச்சியின் கல்யாணச் சீர்ச் சாமான் எழுதிய பழைய நோட்டு. பாத்திரத்திலும் குடும்ப விலாசம், அதாவது பெயரெழுத்துகள், வெட்டியிருக்கும். பழம்பொருள் வியாபாரி ஒருவரிடம் ஒரு தவலையை மீட்டோம். எழுத்தை ராவியிருந்தார்கள்; வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்தால் தெரிந்தது. எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவன், பங்காளி மகன்.

அடித்து வாங்கின வாக்குமூலமா என்று கேட்க ஒருவர் வருவார். இல்லை. டீ வாங்கிக் கொடுத்ததும் சொல்லிவிட்டான், நம்பினால் நம்புங்கள். எப்படியும் போலீசிடம் ஒப்புக்கொண்டது கோர்ட்டில் செல்லாது. அவன் சொல்லி எடுத்த பொருள் சம்பந்தப்பட்ட பகுதிதான் நிற்கும். பழைய சாட்சியச் சட்டத்தில் 25, 27ஆம் பிரிவுகள். 2024 ஜூலை 1 முதல் புதுச் சட்டத்தில் 23. ஆக வழக்கே அந்தத் தவலையை நம்பித்தான்.

கூண்டில் ஏறிய ஆச்சி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது எங்க வீட்டுச் சாமான் இல்லைங்க" என்றார். தன் பக்கச் சாட்சியே மாறிச் சொல்கிறார் என்று அரசு வக்கீல் அவரைப் பிறழ் சாட்சியாக அறிவித்தார். அவ்வளவுதான், விடுதலை. எதிரியின் தங்கைக்கு வரன் பார்த்துக்கொண்டிருந்தார்கள் என்பது எனக்கு அப்புறம்தான் தெரிந்தது.

இதை அடையாளம் மாற்றி எழுதி ஒரு பத்திரிகைக்கு அனுப்பினேன். "கொலையே இல்லையே சார்" என்றார் ஆசிரியர். கொலை எழுதத் தெரியாமலில்லை. நான் பார்த்த எந்தக் கொலையும் அந்த ஆச்சி அளவுக்கு என்னை யோசிக்க வைக்கவில்லை.

கேட்காத ஒன்றும் சொல்கிறேன். அந்த வழக்குக்கு அலைந்த பயணப்படி பில் இன்னும் பாஸாகவில்லை. கேட்டால் "பழைய ஃபைல் கிடைக்கலை சார்" என்கிறார்கள். உங்கள் வீட்டுப் பெரியவர் முதலில் பாக்கி பில்களை வாங்கிவிடட்டும். நாவல் எங்கே போகிறது.