பெயரில்லாத கேப்சூலும் அப்பத்தாவின் கால் எரிச்சலும்

கேள்வி: கானாடுகாத்தானில் இருக்கும் என் அப்பத்தாவுக்கு 74 வயது. 15 வருடமாகச் சர்க்கரை. ராத்திரியானால் உள்ளங்காலில் மிளகாய் அரைத்துப் பூசியதுபோல் எரிகிறது என்கிறார். அவருடைய நரம்பு மாத்திரை டப்பாவில் அட்டையில்லாமல் நான்கு கேப்சூல் கிடக்கின்றன. பாதி சிவப்பு, பாதி வெள்ளை. படம் அனுப்பியுள்ளேன். இது என்ன மருந்து? எரிச்சல் அதிகமானால் இரண்டாகக் கொடுக்கலாமா?

பதில்: படத்தைப் பார்த்தேன் தம்பி. என்ன மருந்தென்று என்னால் சொல்ல முடியாது. நிறத்தைப் பார்த்துச் சொல்கிறவர்களையும் நம்பாதீர்கள். அமெரிக்காவில் மாத்திரையின் மேலேயே அடையாள எழுத்து இருக்கும், அதை வைத்துத் தேடிவிடலாம். நம் நாட்டில் அந்தக் கட்டாயம் இல்லை. இதே சிவப்பு வெள்ளையில் ஆன்டிபயாடிக்கும் வரும். அந்த நான்கையும் ஒதுக்கி வையுங்கள்.

தப்பு பாதி எங்கள் மேல்தான். நான்கு மாத்திரை போதும் என்று கேட்டால் மருந்துக்கடையில் கத்தரியால் வெட்டித் தருகிறோம். பெயர் ஒரு துண்டில், காலாவதி தேதி இன்னொன்றில். இனி முழு அட்டையாகவே கேட்டு வாங்குங்கள். பெரிய எழுத்தில் இருப்பது கம்பெனி வைத்த பெயர். அதன் கீழே பொடி எழுத்தில் உள்ளே இருக்கும் மருந்தின் பெயர்: நரம்பு எரிச்சலுக்கானது என்றால் ப்ரீகாபலின் 75 மி.கி. என்றோ காபாபென்டின் 300 மி.கி. என்றோ இருக்கும். கூடவே மெத்தில்கோபாலமின் என்ற பி12 வைட்டமினும் பெரும்பாலும் சேர்ந்திருக்கும். அதனாலேயே இதற்கு ‘சத்து மாத்திரை’ என்று பெயர் வந்துவிட்டது. அட்டையின் ஓரத்துச் சிவப்புக் கோடு, டாக்டர் சீட்டில்லாமல் தரக் கூடாது என்பதற்கான அடையாளம். சர்க்கரை டாக்டர் ஒரு பெயரிலும் எலும்பு டாக்டர் வேறு பெயரிலும் எழுத, உள்ளே இரண்டும் ப்ரீகாபலினாகவே இருந்ததை நான் பார்த்திருக்கிறேன்.

இரண்டாகக் கொடுக்கவே கூடாது. வலி வந்தபோது போட்டுக்கொள்ள இந்த நரம்பு மருந்துகள் பாரசிட்டமால் இல்லை. நாள் தவறாமல் சாப்பிட்டு, நரம்பின் துடிப்பு அடங்கச் சில நாள், சில வாரம்கூட ஆகும். உடம்பை விட்டு வெளியேறுவது கிட்டத்தட்ட முழுக்கச் சிறுநீரகம் வழியாக. 15 வருடச் சர்க்கரையில் சிறுநீரகம் தளர்ந்திருந்தால் வழக்கமான அளவே உடம்பில் தேங்கிவிடும். சிறுநீரகம் எப்படி இருக்கிறது என்று காட்டும் கிரியேட்டினின் ரத்தப் பரிசோதனை பார்த்து எத்தனை நாளாயிற்று? அந்த ரிப்போர்ட் இல்லாமல் அளவைக் கூட்டச் சொல்லிக் கேட்காதீர்கள்.

எனக்கு இதைவிடப் பெரிய பயம், விழுந்துவிடுவாரோ என்பது. இந்த மருந்து தூக்கம் தரும், தலை சுற்ற வைக்கும். நம் செட்டிநாட்டு வீடுகளை நினைத்துப் பாருங்கள்: தாண்ட வேண்டிய நிலைப்படி, வளவுக்கு இறங்கும் படி, வழவழவென்று ஆத்தங்குடிக் கல். ராத்திரி இரண்டு மணிக்கு மரத்துப்போன காலோடு அப்பத்தா பின்கட்டுக்குப் போவார். போகிற வழியில் ஒரு விளக்கு எரியட்டும். எழுந்ததும் கட்டில் ஓரத்தில் ஒரு நிமிடம் உட்காரட்டும்.

தூக்க மாத்திரை, டிரமடால் போன்ற வலிமருந்து, மது எதுவும் இதோடு சேரக் கூடாது, மூச்சு மந்தமாகிவிடும். எழுப்பினாலும் எழவில்லை, மூச்சு மெதுவாக வருகிறது என்றால் 108. கால் வீங்கினாலும் டாக்டரிடம் சொல்லுங்கள், முக்கியமாகச் சர்க்கரைக்குப் பயோகிளிட்டசோன் சாப்பிடுகிறவர் என்றால்.

எரிச்சல் குறைந்தது என்று சட்டென நிறுத்திவிடவும் வேண்டாம். டாக்டர் சொல்படி ஒரு வார அவகாசமாவது எடுத்துக்கொண்டு அளவைப் படிப்படியாகக் குறைக்க வேண்டும். இல்லாவிட்டால் தூக்கம் கெடும், குமட்டும், வியர்க்கும். வலிப்பு உள்ளவர்களுக்கு வலிப்பு திரும்பலாம்.

அப்புறம், அப்பத்தா மெட்ஃபார்மின் சாப்பிடுகிறாரா? வருடக்கணக்கில் சாப்பிட்டால் சிலருக்கு பி12 குறையும், அதனாலும் கால் எரியும். ரத்தப் பரிசோதனைக்கு டாக்டரிடம் கேளுங்கள். போகும்போது டப்பாவோடு எல்லா மருந்தையும் மஞ்சப்பையில் போட்டு எடுத்துப் போங்கள். அதுவரை எரிச்சலுக்கென்று காலை வெந்நீரில் வைக்க விடாதீர்கள். மரத்த காலுக்குச் சூடு தெரியாது, கொப்புளம் வந்த பிறகுதான் தெரியும்.