சிங்களத்தில் எழுதிய வாக்குமூலம், அம்பாறை நீதிமன்றம், பிணை: வாசகர் கேள்வி – பதில்

மட்டக்களப்பு, அம்பாறை மாவட்டங்களில் இருந்து வந்த கடிதங்களில், குற்றவியல் வழக்குகள் பற்றியவற்றை இம்முறை ஒன்றாக எடுத்திருக்கிறோம். வழக்கு நடந்துகொண்டிருப்பவர்களின் பெயரைப் போடவில்லை, ஊர் மட்டும் இருக்கிறது.

போன மாதம் ஒரு நாள் பின்னேரம் மகனைப் பொலிஸார் வீட்டிலிருந்து கூட்டிக்கொண்டு போனார்கள். "சும்மா ஒரு வாக்குமூலம்தான்" என்றார்கள். இரண்டாம் நாள் பின்னேரம்தான் நீதவானிடம் காட்டினார்கள். ஆனால் கூட்டிக்கொண்டு போனதற்கு மறுநாள் காலையில்தான் கைது செய்ததாகப் புத்தகத்தில் எழுதியிருக்கிறதாம். இதைக் கேட்க வழி இருக்கிறதா?
– ஒரு தாய், களுவாஞ்சிக்குடி

இருக்கிறது. பிடியாணை இல்லாமல் கைது செய்தவரை, பயணத்துக்குச் செல்லும் நேரம் நீங்கலாக 24 மணித்தியாலத்துக்கு மேல் வைத்திருக்கக்கூடாது என்பது குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் (1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கம்) 37ஆம் பிரிவு. பொதுவான சட்டம் இதுதான். பயங்கரவாதத் தடைச் சட்டம் போன்ற சிறப்புச் சட்டங்களில் வேறு ஏற்பாடுகள் உண்டு. களுவாஞ்சிக்குடியில் பொலிஸுக்கும் நீதிமன்றத்துக்கும் இடையே பயண நேரம் என்று கணக்குக் காட்ட ஒன்றுமில்லை.

கைது தொடங்குவது புத்தகத்தில் எழுதிய நேரத்திலல்ல. எழும்பிப் போக முடியாதபடி ஆளை நிறுத்திவைத்த நேரத்தில். அந்த நேரத்தை நிரூபிப்பதுதான் உங்கள் வேலை. அன்று நீங்கள் யாருக்குத் தொலைபேசி எடுத்தீர்கள் என்ற பதிவு, வாகனம் வந்ததைக் கண்ட அயலவர், சந்திக் கடையின் கமரா, கிராம சேவகரிடம் சொன்ன நேரம் எல்லாம் உதவும். கமராப் பதிவுகள் சில நாட்களிலேயே அழிந்துவிடும் என்பதால் அதை முதலில் கேளுங்கள். மனித உரிமைகள் ஆணைக்குழுவின் 1996 என்ற இலக்கத்துக்கு அன்றே அழைத்திருந்தால் அதுவும் ஒரு நேரச்சான்று.

நீதவான் முன் முதல் நாளே சட்டத்தரணி மூலம் "உண்மையான கைது நேரம் இது" என்று சொல்லி வழக்கேட்டில் பதியச் செய்வதே மிக முக்கியம். அடிபட்டிருந்தால் சட்ட வைத்திய அதிகாரியிடம் அனுப்பும்படி அங்கேயே கேட்க வேண்டும். இரண்டு கிழமை கழித்துக் காயம் ஆறியபின் சொன்னால் "ஏன் அன்றே சொல்லவில்லை" என்ற கேள்விதான் வரும். முதல் நாளில் சொல்லத் தவறியிருந்தால் அடுத்த தவணையையாவது விடாதீர்கள்.

அரசியலமைப்பின் 13ஆம் உறுப்புரை (தன்னிச்சையான கைது, தடுப்பு ஆகியவற்றுக்கு எதிரான உரிமை) மீறப்பட்டதாக உயர் நீதிமன்றத்துக்குப் போக 126ஆம் உறுப்புரை ஒரு மாதம்தான் தருகிறது. அந்த மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறைப்பாடு கொடுத்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது. முறைப்பாட்டைக் கொடுத்துவிட்டு வீட்டில் இருந்துவிடாமல், விசாரணை நடக்கிறது என்பதற்கு எழுத்தில் ஏதாவது வாங்கி வையுங்கள். போன மாதத்துச் சம்பவம் என்பதால் உங்களுக்கு எஞ்சியிருப்பது நாட்கள்தான். தாமதமாகக் காட்டினார்கள் என்பதற்காக மகன் மீதான வழக்கு தானாக விழுந்துவிடாது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள்.

தம்பி தமிழில் சொன்னதைப் பொலிஸில் சிங்களத்தில் எழுதிக் கையெழுத்து வாங்கிவிட்டார்கள். தம்பிக்குச் சிங்களம் வாசிக்கத் தெரியாது. அதில் குற்றத்தை ஒப்புக்கொண்டதாக இருந்தால் வழக்கு முடிந்ததா?
– அக்கரைப்பற்று வாசகர்

முடியவில்லை. பொலிஸ் உத்தியோகத்தரிடம் கொடுத்த குற்ற ஒப்புதலை எதிரிக்கு (குற்றஞ்சாட்டப்பட்டவருக்கு) எதிராக நிரூபிக்கவே முடியாது என்கிறது சாட்சிக் கட்டளைச் சட்டத்தின் 25ஆம் பிரிவு. காவலில் இருந்தபடி வேறு யாரிடம் சொன்னாலும், நீதவானின் நேர்முன்னிலையில் சொல்லாவிட்டால் 26ஆம் பிரிவின்படி அதுவும் செல்லாது. 1895ஆம் ஆண்டின் இந்தச் சட்டம் பொலிஸ் அறைக்குள் என்ன நடக்கும் என்று தெரிந்தே எழுதப்பட்டது.

ஆனாலும் அந்தத் தாளால் மூன்று வழியில் தொல்லை வரலாம். தம்பி நீதிமன்றத்தில் சாட்சி சொல்லும்போது வேறுவிதமாகச் சொன்னால், முரண்பாட்டைக் காட்டுவதற்காக அந்த வாக்குமூலத்தை எடுப்பார்கள். குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 110ஆம் பிரிவு அதற்கு இடம் கொடுக்கிறது. அடுத்தது சாட்சிக் கட்டளைச் சட்டத்தின் 27ஆம் பிரிவு. "கத்தியைக் கிணற்றடியில் போட்டேன்" என்று சொல்லி, அந்தச் சொல்லை வைத்தே கத்தி எடுக்கப்பட்டால், கண்டுபிடிப்புக்குக் காரணமான அந்தப் பகுதி மட்டும் சாட்சியமாகும்.

மூன்றாவதுதான் எங்கள் பகுதிக்கு நன்கு தெரிந்தது. 1979ஆம் ஆண்டின் 48ஆம் இலக்க பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் 16ஆம் பிரிவு, உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் தரத்துக்குக் குறையாதவரிடம் கொடுத்த ஒப்புதலை ஏற்கச் சொல்கிறது. அது சுயவிருப்பில் சொன்னதல்ல என்று காட்டும் சுமையையும் எதிரியின் தலையில் வைக்கிறது. 1993இல் மட்டக்களப்பில் கைதான சிங்கராசாவின் வழக்கு இதற்கு உதாரணம். தமிழில் சொன்னது சிங்களத்தில் எழுதப்பட்டது. மொழிபெயர்த்தவர் ஒரு பொலிஸ்காரர். அந்த ஒப்புதலை வைத்துக் கொழும்பு மேல் நீதிமன்றம் 1995இல் 50 வருடத் தண்டனை விதித்தது. மேன்முறையீட்டில் அது 35 வருடமானது. வெளி மொழிபெயர்ப்பாளர் இல்லாமல் ஒப்புதல் எடுத்ததும், நிரூபிக்கும் சுமையை எதிரியிடம் தள்ளியதும் நீதியான விசாரணைக்கு முரண் என்று ஐ.நா. மனித உரிமைகள் குழு 2004இல் சொன்னது. 2006இல் உயர் நீதிமன்றம் அதை நடைமுறைப்படுத்த மறுத்தது. ஜெனீவாவில் வென்றாலும் சிறைக்கதவு தானாகத் திறக்காது என்று தெரிந்ததுதான் மிச்சம்.

தம்பியின் விடயத்தில் இனிச் செய்ய வேண்டியது: தமிழில் சொன்னதையும், யார் எழுதினார், யார் மொழிபெயர்த்தார், வாசித்துக் காட்டினார்களா என்பதையும் நினைவு மங்குமுன் எழுதி சட்டத்தரணியிடம் கொடுங்கள். இன்னும் கையெழுத்து வைக்காத வாசகர்களுக்கு: வாக்குமூலத்தை உங்களுக்குக் காட்ட வேண்டும், அல்லது வாசிக்க வேண்டும். எழுதிய மொழி விளங்காவிட்டால் விளங்கும் மொழியில் சொல்ல வேண்டும். திருத்தவும் சேர்க்கவும் உங்களுக்கு உரிமை இருக்கிறது. இதுவும் அதே 110ஆம் பிரிவுதான். வற்புறுத்தினால், கையெழுத்துக்கு மேலே "எனக்கு வாசித்து விளங்கப்படுத்தவில்லை" என்று உங்கள் கையால் தமிழில் எழுதிவிட்டு வையுங்கள். அந்த ஒரு வரி பிறகு பெரிய வேலை செய்யும்.

நான் மத்திய முகாம் பக்கம். வழக்கு அம்பாறையில், எல்லாம் சிங்களத்தில் நடக்கிறது. எனக்குப் பாதிதான் விளங்குகிறது. எதைக் கேட்கலாம்?

நீதிமன்றத்தின் மொழி உங்களுக்குத் தெரியாவிட்டால், நடப்பதை விளங்கிப் பங்குபற்றுவதற்கு மொழிபெயர்ப்பு தரவேண்டியது அரசின் கடமை. வழக்குப் பதிவின் பகுதிகளைத் தமிழில் பெறவும் உரிமை உண்டு. இது அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை. காசு கட்டத் தேவையில்லை, மன்றாடவும் தேவையில்லை. ஆனால் கேட்க வேண்டும். "எனக்குச் சிங்களம் விளங்காது" என்று முதல் தவணையிலேயே சொல்லுங்கள். "கொஞ்சம் விளங்கும்" என்று மரியாதைக்குச் சொல்லிவிட்டால், பிறகு அதுவே உங்களைக் கட்டிப்போடும்.

பிழை நடக்கும் இடங்கள் இரண்டு. ஒன்று, சாட்சி பத்து வசனம் பேச மொழிபெயர்ப்பாளர் ஒரு வசனத்தில் முடிப்பது. உடனே உங்கள் சட்டத்தரணி எழும்பி, முழுவதும் வேண்டும் என்று கேட்க வேண்டும். வழக்கு முடிந்து மேன்முறையீட்டில் சொல்வது கடினம்.

மற்றது இதைவிட மோசம். குற்றச்சாட்டை வாசித்து "சுற்றவாளியா, குற்றவாளியா" என்று கேட்கும்போது, தண்டப்பணத்தைக் கட்டிவிட்டு வேலைக்குப் போகலாம் என்ற நினைப்பில் தலையாட்டிவிடுவது. அந்தத் தலையாட்டல் ஒரு குற்றத்தீர்ப்பாகும். கட்டாருக்கோ சவூதிக்கோ போகப் பொலிஸ் கிளியரன்ஸ் எடுக்கும் நாளில்தான் அது முன்னால் வந்து நிற்கும். குற்றச்சாட்டில் எந்தச் சட்டம், எந்தப் பிரிவு, எந்தத் திகதி, எந்த இடம் என்று நான்கும் விளங்கும்வரை பதில் சொல்லாதீர்கள். சட்டத்தரணியுடன் பேசத் தவணை கேட்பது குற்றமல்ல.

பிணை கொடுத்தும் இரண்டு கிழமையாக அண்ணன் உள்ளேதான். ஆள்பிணைக்கு நிற்க வந்தவர்களைத் திருப்பி அனுப்புகிறார்கள்.
– ஏறாவூர்

பிணை கொடுப்பதே விதி, மறுப்பது விதிவிலக்கு என்று 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டம் தொடக்கத்திலேயே சொல்கிறது. உங்களுக்குப் பிணை மறுக்கப்படவில்லை, நிபந்தனையில் சிக்கியிருக்கிறீர்கள். பெரும்பாலும் காரணம் தாள்தான். பிணையாளி அடையாள அட்டையுடன், கிராம சேவகர் வழங்கி பிரதேச செயலாளர் மேலொப்பம் வைத்த வதிவிடச் சான்றிதழ் கொண்டுவர வேண்டியிருக்கும். அடையாள அட்டையில் ஒரு முகவரி, சான்றிதழில் இன்னொரு முகவரி என்றால் பதிவாளர் ஏற்கமாட்டார். வருமானச் சான்று கேட்டிருக்கிறதா என்று கட்டளையின் பிரதியைப் பாருங்கள். "நெருங்கிய உறவினர்" என்று கட்டளையில் இருந்தால் நண்பர் சரிவரமாட்டார். தொகையோ நிபந்தனையோ குடும்பத்தால் நிறைவேற்ற முடியாத அளவு என்றால், அதைத் தளர்த்தும்படி அதே நீதவானிடம் பிரேரணை போடலாம். ஆள் சேர்க்க அலைவதைவிட அது சில வேளை விரைவு.

பிணை மறுக்கப்பட்டவர்களுக்கும் ஒரு குறிப்பு. தீர்ப்புக்கு முன் 12 மாதத்துக்கு மேல் தடுத்துவைக்கக்கூடாது என்பது இச்சட்டத்தின் 16ஆம் பிரிவு. சட்டமா அதிபர் கேட்டால் மேல் நீதிமன்றம் அதை நீடிக்கலாம். அதற்கும் மொத்தம் இன்னொரு 12 மாதம்தான் எல்லை. பயங்கரவாதத் தடைச் சட்டத்துக்கு இது பொருந்தாது.

அடையாள அணிவகுப்புக்கு முன் முறைப்பாட்டாளர் என்னைப் பொலிஸ் நிலையத்தில் கண்டுவிட்டார்.
– சம்மாந்துறை

அணிவகுப்பு தொடங்கும் முன் நீதவானிடம் சொல்லுங்கள், பதியச் சொல்லுங்கள். முகநூலில் உங்கள் படம் வந்திருந்தால் அதையும் திகதியுடன் காட்டுங்கள். வரிசையில் எங்கே நிற்பது என்று நீங்கள் தெரிந்தெடுக்கலாம். ஒவ்வொரு சாட்சிக்கும் இடம் மாறலாம். மற்றவர்கள் உங்கள் வயது, உயரம், தாடி எதிலும் ஒத்துவராவிட்டால் அதுவும் ஆட்சேபனையே.

வேலிச் சண்டையில் கணவரை மண்வெட்டிப் பிடியால் அடித்துக் கை எலும்பு முறிந்தது. மூன்று தவணை போய்விட்டோம், எங்களிடம் யாரும் ஒன்றும் கேட்கவில்லை. எதிரியின் ஆட்கள் சமாதானமாகப் போகச் சொல்லி வீட்டுக்கு வருகிறார்கள்.
– வாழைச்சேனை

உரிமை எதிரிக்கு மட்டும்தான் என்று பலர் நினைக்கிறார்கள். எதிரி சட்டத்தரணி வைக்கலாம் என்று சொல்லும் அதே குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 260ஆம் பிரிவு, பாதிக்கப்பட்ட தரப்பும் சட்டத்தரணி மூலம் முன்னிலையாகலாம் என்கிறது. வழக்கை நடத்துவது பொலிஸ்தான். ஆனால் பிணை பேசப்படும் நாளிலும், நட்டஈடு கேட்கும் நாளிலும் உங்கள் சட்டத்தரணி அங்கே இருப்பது வித்தியாசத்தைக் காட்டும். பணம் இல்லையென்றால் மட்டக்களப்பில் உள்ள சட்ட உதவி ஆணைக்குழுவின் நிலையத்தில் வருமான விபரத்துடன் கேளுங்கள்.

எலும்பு முறிவு தண்டனைச் சட்டக்கோவையில் கடுங்காயம். வைத்திய சட்ட அறிக்கையில் முறிவு எழுதப்பட்டதா, பொலிஸ் "சாதாரண காயம்" என்ற பிரிவில் குற்றச்சாட்டுப் போட்டிருக்கிறதா என்று ஒப்பிட்டுப் பாருங்கள். எக்ஸ்ரே எடுக்கும் முன் எழுதிய குறிப்பை வைத்துக் குற்றச்சாட்டுத் தயாரித்திருந்தால், இறுதி அறிக்கை வந்தபின் அதைத் திருத்தக் கேட்கலாம்.

சமாதானத்துக்கு நீங்கள் சம்மதிக்க வேண்டிய கட்டாயம் இல்லை. சம்மதித்தாலும், வாசலில் வைத்துப் பேசாமல் நீதிமன்றத்தில் பதிந்து, காசை நீதிமன்றம் ஊடாகவே வாங்குங்கள். வருகிறவர்கள் மிரட்டினால், அது 2023ஆம் ஆண்டின் 10ஆம் இலக்க, பாதிக்கப்பட்டோர் மற்றும் சாட்சிகள் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் தனிக்குற்றம். யார், எத்தனை மணிக்கு, என்ன சொல் என்று எழுதி முறைப்பாடு போட்டு, அதன் இலக்கத்தை வழக்கில் காட்டினால் எதிரியின் பிணையை இரத்துச் செய்யக் கேட்கலாம். எதிரி குற்றவாளியாகத் தீர்க்கப்பட்டால் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 17(4) பிரிவில் நட்டஈட்டுக் கட்டளை கேட்க, மருந்துச் சிட்டை, வைத்தியசாலைக்கு ஓடிய வாடகை, வேலையிழந்த நாட்கள் என்று பற்றுச்சீட்டுகளை இப்போதே கோர்த்து வையுங்கள்.

எதிரி வாய்திறக்காமல் இருந்தால் குற்றம் ஒப்புக்கொண்டதாகுமா?
– காத்தான்குடி

ஆகாது. நிரூபிக்க வேண்டியது வழக்குத்தொடுநர். எதிரிக்கு மூன்று வழி உண்டு. பேசாமல் இருக்கலாம். எதிரிக்கூண்டில் இருந்து சத்தியம் செய்யாமல் வாக்குமூலம் சொல்லலாம், அதில் குறுக்கு விசாரணை இல்லை. அல்லது சாட்சிக்கூண்டில் ஏறிச் சத்தியம் செய்து சாட்சி சொல்லலாம், அப்போது குறுக்கு விசாரணை உண்டு. கூண்டு வாக்குமூலத்தை நம்பினால் மட்டுமல்ல, அது நியாயமான சந்தேகத்தை எழுப்பினாலே எதிரிக்குப் பலன் கிடைக்க வேண்டும் என்று 1968இல் குலரத்ன வழக்கில் தீர்க்கப்பட்டது. சத்தியம் செய்யாததால் பாரம் குறைவு என்பதும் உண்மை. சம்பவ நேரத்தில் வேறிடத்தில் இருந்தேன் என்று சொல்பவர் கூண்டுக்குள் இருந்து சொல்வதோடு நிற்காமல், அங்கே கண்டவர்களைச் சாட்சியாக அழைப்பதே நல்லது.

நீதவான் தீர்ப்புக்கு மேன்முறையீடு எத்தனை நாளில்?
– திருக்கோவில்

14 நாள். தீர்ப்பு நாளையே முதல் நாளாக எண்ணிக்கொள்ளுங்கள், தவறவே தவறாது. மனு கொடுப்பது தீர்ப்புச் சொன்ன அதே நீதவான் நீதிமன்றத்தில், விசாரிப்பது மேல் நீதிமன்றம். விடுதலைத் தீர்ப்புக்கு எதிராகப் பாதிக்கப்பட்டவர் மேன்முறையீடு செய்யச் சட்டமா அதிபரின் எழுத்து அனுமதி வேண்டும். அதற்குக் காத்திருக்கும்போதே மீளாய்வு மனு பற்றியும் சட்டத்தரணியிடம் கேட்டு வையுங்கள்.