மேக்ரோ ஓடவில்லை என்றால் டிஎல்எல் ஃபைலை இறக்கிப் போடலாமா?

கேள்வி: என் கணினியில் நன்றாக ஓடும் எக்செல் மேக்ரோ, அலுவலகத்துக்குப் புதிதாக வந்த கணினியில் ‘கான்ட் ஃபைண்ட் புராஜெக்ட் ஆர் லைப்ரரி’ என்று சொல்லி நின்றுவிடுகிறது. எந்த டிஎல்எல் இல்லையோ அதை இணையத்திலிருந்து இறக்கிப் போட்டால் சரியாகுமா?

பதில்: தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். டிஎல்எல் என்பது மற்ற மென்பொருள்கள் எடுத்துப் பயன்படுத்தும் கட்டளைகள் அடங்கிய ஃபைல். பிழைச் செய்தி லைப்ரரி என்று சொல்வது அப்படிப்பட்ட கட்டளைத் தொகுப்பைத்தான். டிஎல்எல் ஃபைல்களை இலவசமாகத் தருகிற தளங்களில் கிடைப்பது எந்தப் பதிப்பு, யார் கைபட்டது என்று உங்களால் சரிபார்க்க முடியாது. வைரஸ் பயத்தை ஒதுக்கி வைத்தாலும், ஃபைலைக் கொண்டுவந்து ஒரு ஃபோல்டரில் போடுவதால் மட்டும் இந்தப் பிழை பெரும்பாலும் போகாது.

உங்கள் ஒர்க்புக் ஒரு லைப்ரரியை வெறும் ஃபைல் பெயராக நினைவில் வைத்திருப்பதில்லை. அதன் நீளமான அடையாள எண், பதிப்பு எண், கடைசியாக அது இருந்த இடம் எல்லாவற்றையும் சேர்த்தே வைத்திருக்கிறது. அந்த அடையாள எண்ணைத்தான் ரெஜிஸ்ட்ரியில், அதாவது விண்டோஸின் பதிவேட்டில், தேடும். அங்கே பதிவாகாத ஃபைல், வட்டில் இருந்தும் பெரும்பாலும் இல்லாததுபோலத்தான்.

எனக்கு இது புரிந்தது ஒரு வாரக்கூலி நாளில். அப்போது நான் வேலை பார்த்த இடத்தில் கூலிக் கணக்கு முழுக்க ஒரே எக்செல் ஃபைலில் இருந்தது. ஒரு சனிக்கிழமை மதியம் ஃபைல் நின்றுவிட்டது. மேக்ரோ எழுதும் மொழியான விபிஏவின் எடிட்டரைத் திறந்தால் ‘டிரிம்’ என்ற சொல் நீலத்தில் தெரிகிறது. பெயருக்கு முன்னும் பின்னும் இருக்கும் இடைவெளியை நீக்கும் சாதாரணக் கட்டளை அது. இரண்டு மணி நேரம் அந்த வரியையே மாற்றி மாற்றி எழுதிப் பார்த்தேன். வெளியே ஆட்கள் சம்பளத்துக்குக் காத்திருந்தார்கள்.

டிரிம்மில் எந்தக் குறையும் இல்லை. ஒரு சொல் எங்கே இருக்கிறது என்று பார்க்க, விபிஏ தன்னிடம் உள்ள லைப்ரரிகளில் தேடுகிறது. அந்தப் பட்டியலில் ஒன்று உடைந்திருந்தால் தேடலே குழம்பி, லெஃப்ட், டேட், ஃபார்மேட் போன்ற ஒரு பாவமும் அறியாத சொல்லின் மேல் பழி விழுகிறது. நீல நிறம் காட்டும் இடத்தை நம்பி இறங்கினால் நாள் முழுக்க வீணாகும்.

உண்மையான காரணம் அவுட்லுக் லைப்ரரி. சம்பளச் சீட்டை மின்னஞ்சலில் அனுப்புவதற்காக யாரோ அந்த ஃபைலின் லைப்ரரிப் பட்டியலில் அதை டிக் செய்திருந்தார்கள். எங்கள் கணினிகளில் ஆபீஸ் 2010, ஒரே ஒரு கணினியில் மட்டும் 2016. முந்தின நாள் அந்தக் கணினியில் ஃபைலைத் திறந்து சேமித்திருக்கிறார்கள். புதிய ஆபீஸில் திறந்தால் 14.0 (2010-க்கானது) என்றிருந்த லைப்ரரி தானாகவே 16.0 (2016-க்கானது) ஆகிவிடும். திரும்பிப் பழைய கணினிக்கு வரும்போது கீழே இறங்காது. மேக்ரோவில் எழுதிய கட்டளைகளில் ஒருவரும் கை வைக்கவில்லை, ஆனாலும் ஃபைல் படுத்துவிட்டது.

சரி, நீங்கள் செய்ய வேண்டியது இது. ஆல்ட் எஃப்11 அழுத்தி, டூல்ஸ் மெனுவில் ரெஃபரன்சஸ் போங்கள். அது மங்கலாக இருந்தால் மேக்ரோ பாதியில் நிற்கிறது என்று பொருள். ரீசெட் அழுத்திவிட்டுப் பாருங்கள். டிக் செய்த வரிகளில் ஒன்று ‘மிஸ்ஸிங்’ என்று தொடங்கும். அந்த லைப்ரரி இப்போது தேவையே இல்லையென்றால் டிக்கை எடுத்துவிட்டு, டீபக் மெனுவில் கம்பைல் கொடுங்கள். பல ஃபைல்கள் இதிலேயே சரியாகிவிடும்.

தேவைப்படுகிற லைப்ரரி என்றால், டிக் இல்லாமலே அதை அழைக்கும்படி மேக்ரோவின் கட்டளைகளை மாற்றுங்கள். மாறியை (மதிப்பை வைத்திருக்கும் பெயரை) அவுட்லுக் வகையாக அறிவிக்காமல் ‘ஆப்ஜெக்ட்’ என்று அறிவித்து, ‘கிரியேட்ஆப்ஜெக்ட்’ மூலம் அவுட்லுக்கைக் கூப்பிட்டால், அந்தக் கணினியில் கிளாசிக் அவுட்லுக்கின் எந்தப் பதிப்பு இருக்கிறதோ அது வந்து நிற்கும். லேட் பைண்டிங் என்பது இதைத்தான். நான் எழுதும்போது டிக் வைத்துக்கொள்வேன், அப்போதுதான் புள்ளி வைத்ததும் கட்டளைகளின் பட்டியல் வரும். மற்றவர் கைக்குப் போகும் முன் எடுத்துவிடுவேன்.

இதில் ஒரு குழி இருக்கிறது. டிக்கை எடுத்தவுடன் அந்த லைப்ரரியின் மாறிலிகளும், அதாவது எண்களுக்கு அது வைத்திருக்கும் பெயர்களும், போய்விடும். உதாரணமாக, வேர்டு லைப்ரரியில் பிடிஎஃப் ஆகச் சேமிக்கும் மாறிலியின் மதிப்பு 17. ‘ஆப்ஷன் எக்ஸ்ப்ளிசிட்’ (அறிவிக்காத பெயரைப் பிழையாகக் காட்டச் சொல்லும் வரி) போடாத ஃபைலில் விபிஏ அதை வெற்று மாறியாக, அதாவது 0 ஆக எடுத்துக்கொள்ளும். 0 என்பது பழைய வேர்டு வடிவம். பெயர் பிடிஎஃப், உள்ளே வேர்டு. பிழைச் செய்தி எதுவும் வராது, பெற்றவர் திறக்க முடியாமல் திண்டாடுவார். அதனால் எண்ணையே எழுதுங்கள், ஆப்ஷன் எக்ஸ்ப்ளிசிட்டை ஒருபோதும் விடாதீர்கள்.

உங்களுடையது புதுக் கணினி என்பதால் இன்னொன்றும் இருக்கலாம். ஆபீஸ் 2019 முதல் 64 பிட் பதிப்புதான் இயல்பாக நிறுவப்படுகிறது. அதற்குள் 32 பிட் லைப்ரரி ஏறவே ஏறாது, எத்தனை முறை பதிவு செய்தாலும். ஃபார்மில் தேதி தேர்ந்தெடுக்கும் அந்தப் பழைய பெட்டி எம்எஸ்காம்சிடி2.ஓசிஎக்ஸ் என்ற ஃபைலில் இருக்கிறது. அதற்கு 64 பிட் பதிப்பே கிடையாது. அதை எடுத்துவிட்டு ஒரு டெக்ஸ்ட்பாக்ஸ் வைத்து, உள்ளிட்டது தேதிதானா என்று சோதித்துக்கொள்ளுங்கள்.

விபிஏவையே தாங்குகிற விபிஇ7.டிஎல்எல், ஃபார்ம்களைத் தாங்குகிற எஃப்எம்20.டிஎல்எல் போன்றவை ஆபீஸோடு சேர்ந்து வருபவை. அவை கெட்டுப்போனால் கன்ட்ரோல் பேனலில் ஆபீஸைத் தேர்ந்தெடுத்து ரிப்பேர் கொடுப்பதுதான் வழி. ஆட்டோகேட் கதை வேறு: 2010 பதிப்பிலிருந்து விபிஏ அதோடு வருவதில்லை, ஆட்டோடெஸ்க் தளத்திலிருந்து தனியாக இறக்கி நிறுவ வேண்டும்.

ரெஃபரன்சஸ் பட்டியலில் ‘மிஸ்ஸிங்’ என்பதற்கு அப்புறம் என்ன பெயர் வருகிறது, இரண்டு கணினிகளிலும் ஆபீஸ் 32 பிட்டா 64 பிட்டா என்று எழுதுங்கள். ஃபைல், அக்கவுன்ட், அபவுட் எக்செல் என்று போனால் மேல் வரியிலேயே தெரியும். எந்த வரியை மாற்ற வேண்டும் என்று அதை வைத்துச் சொல்கிறேன்.